பானெட்டின் மேல் இரண்டு தட்டு

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன் ஐயா, பிறகு மறந்துவிடுவேன். என்னை ஏற்றிக்கொண்டு வந்த உங்கள் ஜீப்பின் பின் இடது டயரில் காற்று குறைவு. திருப்பங்களில் வண்டி அந்தப் பக்கமாகச் சாய்ந்துகொடுத்தது. டிரைவருக்கு முன்னால் ஒரு மஞ்சள் விளக்கு எரிந்துகொண்டிருக்க வேண்டும். அது கண்ணை உறுத்தாமல் இருக்க அவர் கறுப்பு டேப் ஒட்டி மறைத்திருக்கிறார். நல்ல மனிதர்தான், நான் ஏறும்போது தலை இடிக்காமல் கை வைத்துப் பிடித்தார். ஆனால் விளக்கை மறைப்பது தவறு. காற்று அடித்துவிட்டால் அது தானாக அணைந்துவிடும்.

நடந்ததை நானே என் கையால் எழுதித் தர வேண்டும் என்றீர்கள். இந்த ஸ்டேஷன் மேசையில் பேனாவும் தண்ணீரும் வைத்துவிட்டுப் போயிருக்கிறீர்கள். எனக்கு எழுதிப் பழக்கமில்லை, பழுதை விளக்கிப் பழக்கம் உண்டு. வண்டி கொண்டுவருகிறவர்களிடம் என்ன கோளாறு, எங்கிருந்து வந்தது, நான் என்ன செய்தேன் என்று நிதானமாகச் சொல்லுவேன். இதையும் அப்படியே சொல்லப் பார்க்கிறேன்.

என்னை எல்லோரும் ‘சரி அண்ணன்’ என்றுதான் கூப்பிடுவார்கள். சொந்தப் பெயர் தபால்காரருக்கு மட்டும் தெரியும். வேலை முடிந்ததும் நானே வண்டியை ஒரு சுற்று ஓட்டிப் பார்ப்பேன், கொண்டுவந்து நிறுத்துவேன், பானெட்டின் மேல் உள்ளங்கையால் இரண்டு தட்டு தட்டி “சரி” என்பேன். அதற்குப் பிறகுதான் வண்டி என் ஒர்க்‌ஷாப் வாசலைத் தாண்டும். வேறு உத்தரவாதம் எதுவும் நான் கொடுப்பதில்லை, யாரும் கேட்டதும் இல்லை. பள்ளிக்கூட வேன்காரர்கூட அந்தத் தட்டுச் சத்தம் காதில் விழுந்தால்தான் சாவியைக் கையில் வாங்குவார். தற்பெருமைக்காக எழுதவில்லை, பின்னால் இது தேவைப்படும்.

ஒர்க்‌ஷாப் கீழே, வீடு மேலே. வீட்டில் நான், என் தங்கை, அவள் கணவர், அவர்களுடைய மகள். தங்கைக்கு விவரம் தெரிவதற்குள் அம்மாவும் அப்பாவும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அவளுக்குத் தலை வாரிவிட்டது, பள்ளிக்கூடத்தில் கையெழுத்துப் போட்டது, காய்ச்சல் வந்தால் மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தது எல்லாம் நான். அவளுக்கே ஒரு குழந்தை பிறந்த பிறகும் நான் அவளைப் பாப்பா என்றுதான் கூப்பிட்டேன். அதனால் அவள் மகளுக்குக் குட்டி என்ற பெயர்தான் மிச்சம் இருந்தது. பாப்பாவைக் கரையேற்றிவிட்டு என் கல்யாணத்தைப் பார்க்கலாம் என்று இருந்தேன். அவள் கரையேறியபோது எனக்குத் தலை நரைத்திருந்தது. இதில் யார்மீதும் எனக்கு வருத்தம் கிடையாது.

மாப்பிள்ளை நில அளவைக்காரர். ஒல்லியான ஆள், வாய் ஓயாது. கல்யாணத்துக்குப் பிறகு எங்கள் மாடியிலேயே இருங்கள் என்று நான்தான் சொன்னேன். அவர் மறுக்கவில்லை. “எல்லாரும் வீட்டோட மாப்பிள்ளைன்னு கேலி பண்றாங்க மச்சான். நான் ஒர்க்‌ஷாப்போட மாப்பிள்ளைன்னு அவங்களுக்கு எங்க தெரியும்” என்பார். ஸ்பேனர் கீழே விழும் சத்தத்தை வைத்தே அது எந்த அளவு ஸ்பேனர் என்று மாடியிலிருந்து கத்திச் சொல்லுவார். பெரும்பாலும் தப்பாகத்தான் சொல்லுவார். அவரை எனக்குப் பிடிக்கும். பிடிக்காதா என்று நீங்கள் இரண்டு முறை கேட்டீர்கள். இரண்டு முறையும் நான் சொன்னது உண்மைதான்.

அவருடைய சாம்பல் நிறக் காரில்தான் கோளாறு ஆரம்பித்தது. ஒருநாள் வேலையிலிருந்து வந்தவர் வண்டியை உள்ளே விடாமல் வாசலிலேயே நிறுத்திவிட்டு இறங்கினார்.

“மச்சான், மஞ்சள் லைட்டு ஒண்ணு வந்து வந்து போகுது. வழுக்குற ரோட்டுல ஒரு கார் படம் போட்டிருக்குமே, அது.”

“வண்டி ஓட்டுறதுல வித்தியாசம் தெரியுதா?”

“சமயத்துல முந்தப் போனா, பின்னாடி யாரோ சட்டையப் புடிச்சு இழுக்குற மாதிரி இருக்கு. ஒரு நொடிதான். அப்புறம் விட்டுடுது.”

அது டிராக்‌ஷன் கண்ட்ரோல் ஐயா. அதைப் பற்றிக் கொஞ்சம் சொன்னால்தான் மற்றது புரியும். நான்கு சக்கரங்களிலும் ஒவ்வொரு சென்சார் இருக்கிறது. சக்கரம் எவ்வளவு வேகமாகச் சுற்றுகிறது என்று அது ஒரு பெட்டிக்குச் சொல்லிக்கொண்டே இருக்கும். ஒரு சக்கரம் மட்டும் மற்ற மூன்றைவிட வேகமாகச் சுற்றினால், அது வழுக்குகிறது என்று பெட்டி முடிவு செய்யும். உடனே என்ஜினின் இழுவையைக் குறைக்கும், அந்தச் சக்கரத்துக்குப் பிரேக்கும் போடும். நீங்கள் ஆக்சிலரேட்டரை எவ்வளவு மிதித்தாலும் அப்போது பெட்டி உங்கள் பேச்சைக் கேட்காது. மழையில் வண்டி தடம் மாறாமல் இருப்பது அதனால்தான். ஆனால் பெட்டிக்குக் கண் கிடையாது. சென்சார் சொல்வதை அப்படியே நம்பும். தவறான தகவல் வந்தால் வழுக்காத சக்கரத்தையும் பிடித்து நிறுத்தும்.

பெட்டி குறித்துவைத்திருக்கும் கோளாறைப் படித்துக் காட்டும் ஸ்கேனரை மாட்டிப் பார்த்தேன். முன் இடது சென்சார் என்று காட்டியது. பாதிப் பேர் அங்கேயே நின்றுவிடுவார்கள். சென்சாரை மாற்றி அனுப்பிவிட்டு, அடுத்த வாரம் அதே வண்டி திரும்பி வந்ததும் தலையைச் சொறிவார்கள். புகார் யார்மீது என்றுதான் ஸ்கேனர் சொல்லும், தப்பு யாருடையது என்று சொல்லாது. உங்களுக்கும் அது தெரிந்திருக்கும். டயர் நான்கும் ஒரே அளவா என்று பார்த்தேன், காற்றுப் பார்த்தேன், பேட்டரி பார்த்தேன். சென்சாரைக் கழற்றி அதில் ஒட்டியிருந்த இரும்புத் தூளைத் துடைத்தேன். சக்கரம் திரும்பும்போது வயர் எங்காவது உரசுகிறதா என்று விரலால் தடவிக்கொண்டே போனேன். எல்லாம் ஒழுங்காக இருந்தன.

அன்று இரவுச் சாப்பாட்டின்போதுதான் மாப்பிள்ளை விஷயத்தைச் சொன்னார்.

“ஆர்டர் வந்துடுச்சு மச்சான். மலைக்கு அந்தப் பக்கம் மாத்திட்டாங்க. வீடுகூடப் பாத்து வெச்சாச்சு.”

அவரே தொடர்ந்தார். “நேர்கோட்டுல அளந்தா பக்கந்தான். நடுவுல ஒரு மலை நிக்குது, அவ்வளவுதான்.”

குட்டி சிரித்தாள். பாப்பா சிரிக்கவில்லை என்றுதான் அன்று நினைத்தேன். இப்போது யோசித்தால் அவளும் சிரித்திருக்கிறாள். நான் பாதிச் சோற்றோடு எழுந்து கை கழுவினேன். ஊரில் யாரும் செய்யாததை நான் செய்ததாகச் சொல்லவில்லை ஐயா, ஆனால் ஒரு மனிதன் தன் வயதையெல்லாம் ஒரு பெண்பிள்ளையை வளர்ப்பதில் போட்டிருக்கிறான் என்றால், அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்டுவிட்டாவது வீடு பார்க்கப் போயிருக்கலாம்.

மறுநாள் அவள் துணி காயப்போடும்போது கேட்டேன்.

“உனக்குப் போகணுமா பாப்பா?”

“எனக்குன்னு ஒரு வீடு வேணும்ணா. நானே பாத்து வாங்குன விளக்கு, நானே மாட்டுன திரை.”

“அப்ப இது உன் வீடு இல்லையா?”

அவள் ஒரு சட்டையை உதறிப் போட்டாள். “இது உன் வீடுண்ணா. நான் இருக்கேன், அவ்வளவுதான்.”

வாய் அவளுடையது, பேச்சு மாப்பிள்ளையுடையது என்று எனக்குப் பட்டது. பாப்பாவுக்கு அப்படிப் பேசத் தெரியாது. ‘அவ்வளவுதான்’ என்று முடிப்பதுகூட அவருடைய வழக்கம். அவள் வாயில் என்னென்ன வார்த்தை இருக்கும் என்று எனக்குத் தெரியும், முதல் வார்த்தையைச் சொல்லிக்கொடுத்ததே நான்தானே.

கோளாறுக்கு வருகிறேன். உள்ளூர்த் தெருவில் எவ்வளவு ஓட்டினாலும் அந்த வண்டி ஒழுங்குப் பிள்ளையாக இருந்தது. அதனால் மலைப்பாதைக்குக் கொண்டுபோனேன். மேலே ஏறும்போது சுமை லாரிகள் ஊர்ந்துகொண்டே போகும் ஒரு நீண்ட ஏற்றம் இருக்கிறது. அதன் முடிவில் ரோடு இடது பக்கம் வளையும். அன்று காலை தூறல். முன்னால் போன லாரியை முந்துவதற்காக வலது பக்கம் ஏறி, ஆக்சிலரேட்டரை அழுத்திக்கொண்டே வளைவோடு இடது பக்கம் ஸ்டியரிங்கை ஒடித்தேன். வண்டி அப்படியே சோர்ந்துவிட்டது. எதிரே வளைவுக்குப் பின்னாலிருந்து ஒரு ஹாரன் சத்தம் வந்தது. நல்லவேளை, எனக்குக் கோளாறு எங்கே வரும் என்று ஒரு யூகம் இருந்ததால் பின்வாங்க இடம் விட்டுத்தான் போயிருந்தேன். லாரிக்குப் பின்னால் ஒதுங்கிக்கொண்டேன். எதிரே வந்தது ஒரு பஸ். ஜன்னலோரத்தில் ஒரு அம்மா தூங்கிக்கொண்டு போனதுகூட எனக்குத் தெரிந்தது.

திரும்பி வந்து சக்கரத்தைக் கழற்றினேன். அச்சின் மேல் பல் பல்லாக வெட்டிய ஓர் இரும்பு வளையம் உட்கார்ந்திருக்கும், நாங்கள் ரிங் என்போம். சென்சார் எண்ணுவது அந்தப் பற்களைத்தான். ரிங்குக்கு அடியில் துரு ஏறி, அது ஓரிடத்தில் வெடித்திருந்தது. தலைமுடி அளவு விரிசல். சாதாரணமாக ஓட்டினால் வாயை மூடிக்கொண்டிருக்கும். ஏற்றத்தில், திருப்பத்தில், முழு பலமும் அந்தச் சக்கரத்துக்குப் போகும்போது வாய் திறக்கும். அப்போது எண்ணிக்கை தப்பும். ஈரத்தில் பெட்டி ஏற்கெனவே சந்தேகத்தோடு இருக்கும், அதனால் உடனே இழுவையைப் பிடித்துவிடும். கண்டுபிடித்தபோது எனக்கு வந்த சந்தோஷத்தை மறைக்கப்போவதில்லை. இதைவிடச் சிக்கலான கோளாறு எத்தனையோ பார்த்திருக்கிறேன், ஆனால் இவ்வளவு சுத்தமாகப் பிடிபட்டது கிடையாது.

புது ரிங்குக்குச் சொல்லிவிட்டேன். வந்தது. வந்த ரிங்கை ஆயில் டின்னுக்குப் பின்னால் அலமாரியில் வைத்தேன்.

“ரிங்கு வந்துச்சா மச்சான்?” என்று மாப்பிள்ளை தினமும் கேட்பார். “வரும்” என்பேன். அதுவரை அவர் அலுவலக வண்டியில் போய்வந்தார். ஏன் மாட்டவில்லை என்று கேட்டீர்கள். யோசித்துக்கொண்டிருந்தேன். நான் அவசரப்படுகிற ஆள் இல்லை.

நான் யோசித்தது இதுதான். அந்த ஊருக்குப் போவதென்றால் மலையைத் தாண்டித்தான் வாழ வேண்டும். நல்லது கெட்டதுக்கெல்லாம் அந்தப் பாதையில்தான் வர வேண்டும். மாப்பிள்ளை பயந்த சுபாவம். ஒருமுறை அந்த ஏற்றத்தில் வண்டி காலை வாரினால், வெலவெலத்துப்போய்த் திரும்பி வருவார். ‘இந்த ரோடு நமக்குச் சரிப்பட்டு வராது மச்சான்’ என்று அவர் வாயாலேயே சொல்லுவார். அலுவலகத்தில் கையைக் காலைப் பிடித்து ஆர்டரை மாற்றிக்கொள்வார். பயம் கெட்ட விஷயம் இல்லை ஐயா. எத்தனையோ பேரைப் பயம்தான் வீட்டோடு வைத்திருக்கிறது.

புது ரிங் மாட்டாமல் ஒருவரை அனுப்புவது என்றால், அதற்கு நேர்மையான வழியும் இருக்கிறது. உங்களோடு வந்த வாகனப் பரிசோதகர் அதைச் சரியாகப் பிடித்தார். டேஷ்போர்டில் ஒரு பொத்தான் உண்டு. அதை அழுத்தினால் டிராக்‌ஷன் கண்ட்ரோல் வேலை செய்யாது, வண்டி பழைய காலத்துக் கார்போல ஓடும், மெதுவாகப் போனால் ஆபத்தில்லை. எந்த மெக்கானிக்கும் அதைச் சொல்லித்தான் அனுப்புவான். நான் சொல்லவில்லை. மறந்துவிட்டேன் என்று முதல் நாள் உங்களிடம் சொன்னேன். மறக்கவில்லை.

வீட்டுச் சாவி வாங்குவதற்காக மூன்று பேரும் புறப்பட்ட அன்று விடியும்போதே மழை பிடித்துக்கொண்டது. காரை எடுத்துப் போகலாமா என்று மாப்பிள்ளை கேட்டிருந்தார். தாராளமாக என்றேன். அவர்கள் கீழே இறங்கி வருவதற்கு முன்னால் ஸ்கேனரை மாட்டி, பெட்டியின் நினைவில் இருந்த கோளாறுகளை அழித்துவிட்டேன். அழித்தால் விளக்கு அணைந்துவிடும். கோளாறு மறுபடியும் தலைகாட்டும்வரை எரியாது. ஒரு பொத்தானை அழுத்துகிற வேலைதான்.

மாப்பிள்ளை உட்கார்ந்து சாவியைத் திருப்பினார். முகம் மலர்ந்தது. “அட, லைட்டையே காணோம்! எல்லாம் சரியா மச்சான்?”

“சரி” என்றேன்.

இந்த இடத்தில்தான் நீங்கள் என்மீது கோபப்பட்டீர்கள். பொறுமையாகப் பாருங்கள் ஐயா. ‘சரி பண்ணிவிட்டேன்’ என்று நான் சொல்லவில்லை. புது ரிங் மாட்டியாகிவிட்டது என்றும் சொல்லவில்லை. ஒருவர் புறப்படும்போது, ‘சரி, போய்வாருங்கள்’ என்கிறோமே, அந்தச் சரிதான் அது. நாம் ஒரு நாளைக்கு எத்தனை சரி சொல்கிறோம், எல்லாவற்றுக்கும் கை அடித்துக் கொடுத்த மாதிரி அர்த்தம் வைத்தால் வாயைத் திறக்க முடியுமா. அதோடு, நான் பானெட்டைத் தட்டவில்லை. தட்டாத வண்டி வேலை முடியாத வண்டி என்பது அந்தத் தெருவில் தேநீர்க் கடைக்காரருக்குக்கூடத் தெரியும். மாப்பிள்ளை அதைக் கவனித்திருக்க வேண்டும். மழைச் சத்தத்தில் அவர் கவனிக்கவில்லை.

பின் சீட்டில் பாப்பாவும் குட்டியும் இருந்தார்கள். நான் ஜன்னல் வழியாகக் கையை விட்டுக் குட்டியின் நெற்றியைத் தொட்டேன்.

“பிள்ளைக்கு உடம்பு சுடுது.”

பாப்பா தொட்டுப் பார்த்தாள். “சுடலையேண்ணா.”

“என் கைக்குச் சுடுது பாப்பா. இந்த மழையில வேணாம், ரெண்டு பேரும் எறங்குங்க. சாவி வாங்குறதுக்கு எதுக்கு மூணு பேரு?”

அவள் கொஞ்சம் தயங்கினாள். என் கை சொன்னால் அவளுக்கு வேதவாக்கு. அவளுக்கு வந்த அத்தனை காய்ச்சலையும் முதலில் கண்டுபிடித்தது இந்தக் கைதான். இறங்கிவிட்டாள். குட்டி அழுதாள். மாப்பிள்ளை அவளுக்கு ஜன்னல் வழியாக மூக்கைச் சுளித்துக் காட்டினார். “அப்பா போய் எந்த ரூம் பெருசுன்னு அளந்துட்டு வரேன், அது உனக்கு” என்றார். வண்டி வாசலைத் தாண்டியது.

அதற்குப் பிறகு நான் என்ன செய்தேன் என்று கேட்டீர்கள். ஒரு வேனின் பிரேக்கைக் கழற்றிச் சுத்தம் செய்தேன். தகரக் கூரையில் மழை கொட்டியது. மேலே குட்டி ஓடுகிற சத்தம் கேட்டது, காய்ச்சல்காரப் பிள்ளை அப்படி ஓடாது. சுவரில் கடிகாரம் இருக்கிறது. இப்போது அடிவாரம் தாண்டியிருப்பார் என்று நினைத்தேன். இப்போது பாலம். இப்போது ஏற்றம் ஆரம்பித்திருக்கும், முன்னால் லாரி இருக்கும், அந்த நேரத்தில் லாரி இல்லாமல் அந்த ஏற்றம் இருந்ததே கிடையாது. துணியில் கையைத் துடைத்துவிட்டு ஃபோனை எடுத்தேன். அவர் பெயரைத் தேடிவிட்டேன். ‘டேஷ்போர்டில் ஒரு பொத்தான் இருக்கு பாருங்க மாப்பிள்ளை’ என்று சொன்னால் போதும். வாக்கியம்கூட வாயில் வந்துவிட்டது.

ஃபோனைத் திரும்பப் பையில் போட்டேன். மலைப்பாதையில் ஓட்டும்போது ஃபோனை எடுப்பது ஆபத்து.

பாப்பாவின் ஃபோன்தான் முதலில் அடித்தது. மேலே ஏதோ பாத்திரம் விழுந்தது. அந்தச் சத்தத்தை வைத்து அது என்ன பாத்திரம் என்று சொல்ல இனி ஆள் இல்லை என்று எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது. நான் அழுதேன் ஐயா. நடிக்கவில்லை. அந்த வளைவில் எதிரே வந்து மோதிய பஸ்ஸின் டிரைவர் பிழைத்துக்கொண்டார் என்று கேட்டபோதும் அழுதேன். அவர்மேல் தப்பே இல்லை.

சடங்குகள் எல்லாம் முடிந்த பிறகு காரை என் ஒர்க்‌ஷாப்புக்கே இழுத்து வரச் சொன்னேன். வேறு எங்கே கொண்டுபோவார்கள், சொந்தக்காரன் நான்தானே என்று உங்கள் ஆட்களும் விட்டுவிட்டார்கள். முன் பக்கம் முழுவதும் சுருங்கி உள்ளே போயிருந்தது. சேறு காய்ந்து அப்பியிருந்தது. இடது சக்கரம் மட்டும் எப்படியோ தப்பித்து நேராக நின்றது.

நான் செய்த ஒரே தவறு இனிமேல்தான் வருகிறது. அந்த ரிங்கை அப்படியே விட்டிருந்தால், பழைய வண்டி, பழைய ரிங், விதி என்று போயிருக்கும். பரிசோதகரும் அதைத்தான் சொன்னார். ஆனால் அலமாரியில் புது ரிங் இருந்தது. வேலை பாதியில் நின்றது. ஆரம்பித்த வேலையை முடிக்காமல் விட்டு எனக்குப் பழக்கம் இல்லை. உங்களுக்கு அது புரியுமா தெரியவில்லை. மத்தியானம் கதவைச் சாத்திக்கொண்டு சக்கரத்தைக் கழற்றினேன். பழைய ரிங்கை எடுத்தேன், அடியிலிருந்த துருவைச் சுரண்டினேன், புதியதை அழுத்தி உட்கார வைத்தேன். சென்சாரைத் துடைத்து மாட்டினேன். சேறும் ரத்தமும் காய்ந்த வண்டியில் ஒரு ரிங் மட்டும் கண்ணாடி மாதிரி பளபளத்தால், கண்ணுள்ள எந்தப் பரிசோதகரும் குனிந்து பார்க்கத்தான் செய்வார்.

சக்கரத்தை மாட்டி முடித்ததும் என் கை தானாக பானெட்டுக்குப் போனது. நசுங்கிக் கிடந்ததில் தட்டுவதற்கு ஓர் இடம் தேட வேண்டியிருந்தது. இரண்டு தட்டு தட்டினேன். “சரி” என்றேன்.

நிமிர்ந்து பார்த்தால் மாடிப்படியில் பாப்பா நின்றுகொண்டிருந்தாள். எப்போதிருந்து நின்றாள் என்று தெரியாது. அவள் அழுதுகொண்டு இல்லை. ரொம்ப நேரம் அந்த வண்டியைப் பார்த்தாள், பிறகு என் கையைப் பார்த்தாள்.

“குட்டிக்குக் காய்ச்சலே வரலையேண்ணா” என்றாள்.

நான் கையைத் துணியில் துடைத்தேன்.

“அன்னிக்கும் வரல. மறுநாளும் வரல. அப்ப எங்கள மட்டும் ஏன் எறங்கச் சொன்ன?”

இவ்வளவு நாள் நீங்கள் கேட்ட எத்தனையோ கேள்விகளில் இது மட்டும் இல்லை. பயமுறுத்துவதற்கு மட்டும் என்றால் எல்லோரும் வண்டியில் இருந்தால் என்ன? மூன்று பேரும் சேர்ந்து பயந்தால் இன்னும் நல்லதுதானே? படியில் நின்ற பெண்ணுக்கு ஒரு நொடியில் தோன்றியது எனக்கு அதுவரை தோன்றவே இல்லை. சத்தியமாகத் தோன்றவில்லை. கை நெற்றிக்குப் போனது, வாய் சுடுகிறது என்றது, நான் என் தங்கையைக் காப்பாற்றினேன். எதிலிருந்து காப்பாற்றினேன் என்று என்னையே நான் கேட்டுக்கொள்ளவில்லை.

அவள் குட்டியைத் தூக்கிக்கொண்டு மழையில் இறங்கி நேராக உங்களிடம்தான் வந்தாள் என்று பிறகு தெரிந்தது. குடை எடுத்துப் போகச் சொன்னேன், காதில் வாங்கவில்லை.

நேராக எழுதுங்கள் என்றீர்கள், எழுதுகிறேன். வண்டி எந்த இடத்தில் கைவிடும் என்று எனக்குத் தெரியும். அங்கே எதிரே என்ன வரும் என்று தெரியும். அவர் திரும்பி வராமல் போகலாம் என்றும் தெரியும். தெரிந்துதான் விளக்கை அணைத்தேன், தெரிந்துதான் பொத்தானைச் சொல்லவில்லை, தெரிந்துதான் ஃபோனைப் பையில் போட்டேன். மாப்பிள்ளையை நான்தான் கொன்றேன். அவர் சாக வேண்டும் என்று நினைக்கவில்லை, செத்தாலும் பரவாயில்லை என்று நினைத்தேன். இரண்டுக்கும் நடுவே ஒரு தலைமுடி இடைவெளி இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. கோர்ட்டில் அதை ஏற்பார்களா என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

தண்டனையைப் பற்றி எனக்குக் கவலை இல்லை. வீட்டைப் பற்றி இருந்த கவலையும் இன்று காலை தீர்ந்துவிட்டது. பாப்பா தன் வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட வந்திருந்தாள். நடைவழியில் எங்களைக் கொஞ்ச நேரம் பேச விட்டீர்கள், அந்த உதவியை மறக்க மாட்டேன். நான் அவளுக்கு எல்லாவற்றையும் பொறுமையாக விளக்கினேன். “நான் சரி பண்ணிட்டேன்னு மாப்பிள்ளைகிட்டச் சொல்லவே இல்ல பாப்பா. சரின்னு மட்டும்தான் சொன்னேன். ரெண்டுக்கும் வித்தியாசம் இருக்கில்ல?” என்றேன். அவள் கையைக் கட்டிக்கொண்டு, இடையில் பேசாமல், முழுவதையும் கேட்டாள். சின்ன வயதிலும் அப்படித்தான், நான் சொல்வதைக் கவனமாகக் கேட்பாள்.

“கோவம் ஆறுனதும் வீட்டுக்குப் போயிடு. மாடியத் துடைச்சு வெச்சிருக்கேன். நான் எப்ப வந்தாலும் நீ அங்கதான் இருக்கணும். இருப்பியா?” என்று கேட்டேன்.

அவள் என் முகத்தை நேராகப் பார்த்தாள். “சரி” என்றாள்.

எங்கள் வீட்டில் அந்தச் சொல்லுக்கு என்றைக்கும் ஒரே அர்த்தம்தான் ஐயா.